பஸ் ஜன்னலுக்கு எழுதிய சுவரொட்டி

முதலில் கையுறை தருவதை நிறுத்தினார்கள். அடுத்து, கையுறை கேட்டவர்களை வேலையிலிருந்து நிறுத்தினார்கள். அதற்கடுத்து, முகமூடி இல்லாமல் ஒருவரைத் தோல் ஆலையின் கழிவுத் தொட்டிக்குள் இறக்கினார்கள். விஷவாயுவில் அவர் செத்தார். கடைசியாக, அப்படி ஓர் ஆள் எங்களிடம் வேலை செய்ததே இல்லை என்றார்கள்.

திங்கட்கிழமை தொழிலாளர் அலுவலகத்தில் விசாரணை. கூட வேலை செய்தவர்கள் வந்து சாட்சி சொன்னால்தான் வழக்கு நிற்கும்.

சங்கத்தில் பிச்சாண்டி சுவரொட்டி எழுதினார். ஓர் அநியாயத்தையும் விடவில்லை. எல்லாம் சிவப்பு, எல்லாம் கொட்டை எழுத்து. உச்சியில் தலைவர் பெயர், பட்டங்களோடு. செத்தவர் பெயர் எங்கோ நடுவில். சங்கத்தில் நாங்கள் எல்லோருமே அப்படி எழுதிப் பழகியவர்கள்.

பிச்சாண்டிக்குச் சுவரொட்டி எழுதக் கற்றுக்கொடுத்த தோழர் தில்ஷாத் அவரைவிட வயதில் சின்னவர்.

"எப்படி இருக்கு தோழர்?"

தில்ஷாத் தாளைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போனார். ஆலை பஸ் திரும்பும் முனையில் அதை ஒட்டினார். சாட்சிகள் அந்த பஸ்ஸில்தான் போவார்கள். இறங்கி நின்று படித்தால் வேலை போய்விடும்.

பஸ் வந்தது. வேகத்தடையில் மெதுவாகி, போனது. ஜன்னலிலிருந்து ஒரு பெண் கத்தினாள்:

"என்னண்ணே, மாநாடா? பிரியாணி உண்டா?"

பஸ்ஸே சிரித்தது.

"படிக்கத் தெரியாத கூட்டம்," என்றார் பிச்சாண்டி.

"படிச்சாங்களே. பெருசா இருந்ததைப் படிச்சாங்க." தில்ஷாத் புதுத் தாளை விரித்தார். "பஸ் போறதுக்குள்ள ஒண்ணுதான் கண்ணுல விழும். எது விழணும்?"

"செத்தவர் பேரு."

"அப்புறம்?"

"விசாரணை நாளு, இடம்."

"அது, பேருல பாதி அளவு. மிச்சமெல்லாம் அடியில, பொடி எழுத்துல. நிக்க முடிஞ்சவன் படிச்சுக்குவான்."

"தலைவர் பேருமா? கோவிச்சுக்குவாரு தோழர்!"

"கோவிச்சுக்க அவருக்கு உயிர் இருக்கே!"

பிச்சாண்டி தூரிகையைப் பிடுங்கிக்கொண்டார். பாதித் தாளுக்குப் பெயர், கறுப்பில். சுற்றிலும் வெறும் வெள்ளை. நாளும் இடமும் மட்டும் சிவப்பு.

மறுநாள் பஸ்ஸில் யாரும் சிரிக்கவில்லை. எல்லாத் தலையும் ஒரே பக்கம் திரும்பியது. "பாருங்க தோழர், பாருங்க!" என்று பிச்சாண்டி தெருவிலேயே குதித்தார்.

திங்கட்கிழமை அலுவலக வராந்தா கொள்ளாத கூட்டம். ஆலைச் சட்டையோடே வந்து நின்றார்கள்.

அதிகாரி எரிந்து விழுந்தார். "இத்தனை பேர் எதுக்கு? எந்தச் சங்கம்? யார் தலைவர்?"

பிச்சாண்டி மனுவை எடுத்து தில்ஷாத்திடம் நீட்டினார். தில்ஷாத் வந்தவர்கள் பக்கம் திரும்பி, மனுவிலிருந்து செத்தவர் பெயரை உரக்கப் படித்தார்:

"ஏகாம்பரம் மகன் கோதண்டம்."