மான்கள் பார்த்த திசை

மலை மேல் ஒரு மியூசியம் இருந்தது. அங்கே கண்ணாடிக் கூடுகள் செய்பவர் எஸ்தர் அம்மாள். செத்த விலங்கைப் பாடம் செய்து, பின்னால் காட்டை வரைந்து, முன்னால் மண்ணும் சருகும் பரப்பி, உயிரோடு நிற்பது போலக் காட்டும் வேலை. அவரிடம் தொழில் படித்தவன் துரைப்பாண்டி. நாற்பது வயதாகியும் இன்னும் சீடன்தான். அம்மாள் வாயிலிருந்து ஒரு நாளும் 'நல்லாயிருக்கு' என்று வந்ததில்லை. அந்த வருத்தம் அவன் நெஞ்சில் கல்லாகக் கிடந்தது.

அந்த மழைக்காலத்தில் எஸ்டேட்டுக்குள் சிறுத்தை இறங்கியது. முதலில் நாய்கள் காணாமல் போயின. பிறகு ஒரு கன்றுக்குட்டி. அதற்கப்புறம் பக்கத்து எஸ்டேட்டில், தொழிலாளர் குடியிருப்பான லயத்துக்குப் பின்னால் கால் கழுவப் போன ஒரு சின்னக் குழந்தை. தேயிலைச் செடிக்கு அடியில் ஒரு செருப்பு மட்டும் கிடைத்தது.

வெளிச்சம் மங்குவதற்குள் எல்லா வீட்டிலும் கதவைச் சாத்தினார்கள். துரைப்பாண்டியின் மகள் சுகந்தி மட்டும் பயப்படவில்லை. பள்ளிக்கூடம் விட்டதும் தேயிலைக்குள் ஒற்றையடிப் பாதையில் தனியாக நடந்து அப்பாவைத் தேடி மியூசியத்துக்கு வருவாள்.

"தனியா வராதேன்னு எத்தனை தடவை சொல்றது?"

"சிறுத்தைதானேப்பா? நான் அது மேல ஏறித் தூங்குனவ."

"அது செத்தது புள்ள!"

"இது மட்டும் என்ன பண்ணும்? நான் பாட்டுக்கு வரேன், அது பாட்டுக்குப் போகும்."

அவளைச் சொல்லிக் குற்றமில்லை. தாய் தேயிலை கிள்ளப் போனதால் தொட்டில் காலத்திலிருந்தே பட்டறையில் வளர்ந்தவள். பாடம் செய்த சிறுத்தையின் முதுகில் படுத்துப் பால் குடித்தாள். அதன் மீசையைச் சீவிவிட்டாள். ராணி என்று பெயர்கூட வைத்திருந்தாள். இப்போது ராணி மியூசியக் கூடத்தின் நடுக் கூட்டில், கண்ணாடிக்குள் நிற்கிறது.

துரைப்பாண்டிக்குத் தூக்கம் போயிற்று. கண்ணை மூடினால் அந்தச் செருப்பு. சில சமயம் அது சுகந்தியின் செருப்பாக இருந்தது.

ஒரு முடிவுக்கு வந்தான். ராணியின் முகத்தைப் பிரித்தான். வாயை அகலமாகத் திறந்து வைத்தான். பல்லை நீளமாக்கினான். நாக்குக்கு ரத்தச் சிவப்பு அடித்தான். முடித்துவிட்டுப் பார்த்தபோது அவனே ஓரடி பின்வாங்கினான். மகளைக் கூட்டி வந்து கண்ணாடிக் கதவைத் திறந்து காட்டினான்.

சுகந்தி கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு சிரித்துக்கொண்டே அதன் வாய்க்குள் கையை விட்டாள்.

"இதுக்கு என்னப்பா, பல்வலியா? ஆஸ்பத்திரியில வாயத் திறன்னா நான் இப்படித்தான் திறப்பேன்."

அவன் நேராக எஸ்தர் அம்மாளிடம் போனான்.

"அம்மா, எம்புள்ளைக்குப் பயம் வேணும். எப்படி வர வைக்கிறது?"

அம்மாள் தூரிகையைக் கழுவிக்கொண்டிருந்தார்.

"சிறுத்தை எங்க இருக்கு?"

"நடுக் கூட்டுலதான்."

"அவளுக்கு அது தெரியுமா?"

"கண்ணு முன்னால நிக்குது. தெரியாமலா?"

"அப்ப ஏன் பயப்படணும்? அதை வெளிய தூக்கு."

அவன் முகம் சுண்டிப்போனது.

"ராப்பகலா செஞ்சதும்மா. ஒரு வார்த்தை நல்லதா சொல்லக்கூடாதா?"

"தலைப் பக்கம் நீ பிடி. பின்னங்காலை நான் பிடிச்சுக்கறேன்."

சிறுத்தை பின்னறைக்குப் போய்த் தார்ப்பாயின் கீழ் படுத்தது. கூட்டில் மிச்சம் இருந்தவை ஒரு பெட்டைக் கடமான், அதன் குட்டி, மரக்கிளையில் இரண்டு கருமந்திகள். எல்லாம் ஸ்டுடியோவில் போட்டோவுக்கு நிற்பவர்களைப் போல நின்றன. அம்மாள் அவற்றின் கழுத்துத் தையலைப் பிரித்து, உள்ளே இருந்த கம்பியை வளைத்து, மறுபடி தைத்தார். காதுகளை முன்னால் திருப்பினார். தாய் மானின் ஒரு முன்னங்காலைத் தரையிலிருந்து தூக்கி வைத்தார். என்ன செய்கிறார் என்று அவன் கேட்கவில்லை. கேட்டுவிடக்கூடாது என்ற வீம்பு.

சனிக்கிழமை சுகந்தி வந்தாள். கூடம் இருட்டாக இருந்தது. கூட்டுக்குள் மட்டும் விளக்கு.

"ராணி எங்கப்பா?"

"தெரியாது."

"மரத்துக்குப் பின்னாலயா?"

"நீயே தேடு."

அவள் கண்ணாடியில் மூக்கை ஒட்டி வைத்துக்கொண்டு தேடினாள். புதரில் இல்லை. பாறையில் இல்லை. தாய் மான் காலைத் தூக்கிய வாக்கில் அவளைப் பார்த்தது. குட்டி, தாயின் வயிற்றோடு ஒட்டிக்கொண்டு அவளைப் பார்த்தது. மேலே மந்தி இரண்டும் குனிந்து பார்த்தன. அவள் இடது பக்கம் நகர்ந்தாள். அவை அவளைப் பார்க்கவில்லை. அவள் முதலில் நின்ற இடத்தையே பார்த்தன. அந்த இடத்துக்குக் கொஞ்சம் பின்னால்.

சுகந்தியின் சிரிப்பு நின்றது. மெல்லத் திரும்பிப் பார்த்தாள். பின்னால் இருட்டைத் தவிர ஒன்றும் இல்லை.

அவள் அப்பாவின் கையைப் பிடித்தாள். அந்தப் பிடியில் நகம் அழுந்தியது. துரைப்பாண்டிக்கு மார்பில் இருந்த பாரம் இறங்கியது போல இருந்தது. எஸ்தர் அம்மாள் விளக்கை அணைத்தார்.

இருவரும் வீட்டுக்குக் கிளம்பினார்கள். மூடுபனி இறங்கிவிட்டது. சோலைக்காட்டின் ஓரம் பாதை வளையும் இடத்தில் மரத்தின் மேல் ஒரு மந்தி இருமியது. கிழவன் இருமுவது போலக் கரகரப்பாக. சுகந்தி நின்றுவிட்டாள்.

"மழைக்குக் கத்துது. வா புள்ள, இருட்டப் போகுது."

"இல்லப்பா. எல்லா மந்தியும் கீழ ஒரே எடத்தைப் பாக்குது."

அவன் அண்ணாந்து பார்த்தான். ஆமாம். அவற்றின் பார்வை போன வழியே தன் கண்ணையும் இறக்கினான். பாதை ஓரம், பத்தடி முன்னால், தேயிலைச் செடிகள். பார்க்க ஒன்றும் இல்லை. காற்று இல்லை. ஒரு வீச்சம் மட்டும் வந்தது, ஈரத்தோலும் கெட்ட இறைச்சியும் கலந்தது போல. எத்தனையோ தோலை உரித்த அவன் மூக்குக்கு அது தெரியும். ஆனால் இது சூடான வீச்சம்.

"திரும்பாதே. முகத்தை அங்கயே வெச்சுக்கிட்டு பின்னால நட."

அவன் குரல் அவனுக்கே கேட்கவில்லை. ஒவ்வோர் அடியாகப் பின்வாங்கினார்கள். வளைவைத் தாண்டும்போது, அவர்கள் நின்ற இடத்துக்கு எதிரே, ஒரு தேயிலைச் செடி அசைந்தது. ஒன்றே ஒன்று.

அன்று ஜீப் பிடித்துச் சுற்று வழியில் வீடு போய்ச் சேர்ந்தார்கள்.

அடுத்த வாரம் துரைப்பாண்டி அம்மாள் முன்னால் வந்து நின்றான். கண் சிவந்திருந்தது. பாதையில் நடந்ததைச் சொன்னான்.

"புள்ளை வாசல்ல கால் வைக்க மாட்டேங்குது. பள்ளிக்கூடம் போகல. கதவு அசைஞ்சாலே அலறுது. நான் பயம்தான் கேட்டேன். நீங்க அவ காலையே ஒடிச்சிட்டீங்க."

"அன்னைக்குப் பாதையில முதல்ல நின்னது யாரு?"

"அவதான்."

"நீ?"



"நான் போயிருப்பேன். இல்லைங்கல. அதுக்காகக் காலம் பூரா வீட்டுக்குள்ள அடைஞ்சு கிடக்கவா? சிறுத்தையைத் திருப்பி வெச்சிருவோம்மா. அவ வந்து தொட்டுப் பார்க்கட்டும். பயம் தெளியட்டும்."

"வெச்சா, மறுபடி தனியா வருவா."

"வெக்காட்டி, வெளியவே வர மாட்டா. ரெண்டுல எதுன்னு நீங்களே சொல்லுங்க. அவ எம்புள்ள, உங்க கூட்டுப் பொம்மை இல்ல."

எஸ்தர் அம்மாள் எழுந்து பட்டறையின் பின் ஜன்னலைத் திறந்தார். கீழே சரிவில் புல்வெளி. அதன் ஓரத்தில் கறுத்த சோலை.

"அவளை ஜீப்புல கூட்டிட்டு வா. இங்க உட்கார வை. வெயில் சாயறப்போ சோலைக்குள்ள இருந்து கடமான்கள் வரும். உசிரோட இருக்கற மான். கொஞ்ச நேரம் நின்னு பார்க்கும். அப்புறம் குனிஞ்சு மேயும்."

"அந்தச் சோலையில சிறுத்தை இல்லையா?"

"இருக்கு."

"மானுக்கு அது தெரியாதா?"

"தெரியும்."

"அப்புறம் எப்படிம்மா மேயுது?"

"அதை உம்மக பார்த்துச் சொல்லட்டும். நீயும் பக்கத்துல உட்காரு."