சிவப்புப் பூ வந்தால்

காவிரி வளைந்து திரும்பும் ஓரிடத்தில் ஒரு சிறிய மடம் இருந்தது. அந்த மடத்தில் குருவுக்கு வயது முப்பத்தெட்டு, சீடருக்கு அறுபதைத் தாண்டிவிட்டது. புதிதாக வருகிறவர்கள் நேராகப் போய்ச் சீடரின் காலில் விழுந்துவிடுவார்கள். சீடர் பதறிப்போய்த் தள்ளி நிற்பார். குரு தூணுக்குப் பின்னால் நின்று சிரித்துக்கொண்டிருப்பார்.

சீடரின் பெயர் ஆவுடையப்பன். தென்காசிப் பக்கம் ஆலடிப்புதூர்க்காரர். குருவை எல்லோரும் சின்னச்சாமி என்பார்கள். சின்னச்சாமியோ தன் சீடரை 'அண்ணாச்சி' என்றுதான் கூப்பிடுவார். இது எந்தச் சாத்திரத்தில் இருக்கிறது என்று கேட்டுவிடாதீர்கள். இரண்டு பேருக்கும் அது சௌகரியமாக இருந்தது, அவ்வளவுதான்.

சின்னச்சாமியிடம் கேள்வி கேட்டால் பதில் வராது, இன்னொரு கேள்விதான் வரும். ஆளை மடக்குகிறாரா என்றால் அதுவும் இல்லை. எதைப் பார்த்தாலும் தெரிந்துகொள்ள வேண்டும் என்று அவருக்கு ஓர் ஆசை. மோட்சத்தைப் பற்றிக் கேட்க வந்த ரயில்வேக்காரர் ஒருவர், தண்டவாளத்தை எப்படி இணைக்கிறார்கள் என்று காலை முழுக்க விளக்கிவிட்டுத் திரும்பிப் போனார். திருப்தியாகத்தான் போனார்.

அன்று சின்னச்சாமி அடுக்களையில் உட்கார்ந்து வாழைத்தண்டு நறுக்கிக்கொண்டிருந்தார். ஆவுடையப்பன் வந்து நின்றார். ஒரு கையில் சிவப்பு அரளி, மறு கையில் வெள்ளை நந்தியாவட்டை.

"சாமி, நாளைக்கு எனக்குக் காவி தரப்போறீய."

"ஆமா. சாயம் போட்டுக் கொடியில காயுது. பார்க்கலையா?"

"பாத்தேன்." ஆவுடையப்பன் கிணற்றுப் பக்கம் திரும்பிப் பார்த்தார். "வேதவல்லி வந்திருக்கா."

வேதவல்லி அவர் மனைவி. நான்கு வருடங்களுக்கு முன்னால் அவர் வீட்டை விட்டு மடத்துக்கு வந்தார். அதற்குப் பிறகு அவள் இந்தப் பக்கம் வந்ததே இல்லை.

"எங்கே இருக்காங்க?"

"கிணத்தடியில உக்காந்திருக்கா. மக ஓசூருக்குக் கூப்பிடுதாளாம். நான் திரும்பி வருவேன்னா ஊர்லயே இருப்பாளாம். வரமாட்டேன்னா வீட்டை வேற ஆளுக்கு விட்டுட்டு மககூடப் போயிருவாளாம். மூணு மணி பஸ்ஸுக்குள்ள ஒரு வார்த்தை சொல்லுங்கன்னு நிக்கா."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"ஒண்ணும் சொல்லல." காவி உடுத்திவிட்டால் அப்புறம் வீட்டு வாசலை மிதிக்க முடியாது. அது அவருக்கும் தெரியும், கிணற்றடியில் இருப்பவளுக்கும் தெரியும். "சாமி, ஒரு முடிவு சரியா தப்பான்னு, எடுக்கறதுக்கு முந்தியே தெரிஞ்சுக்க வழி உண்டா?"

சின்னச்சாமி தண்டின் நாரை விரலில் சுற்றி இழுத்தார்.

"அந்தப் பூ எதுக்கு?"

"பூக்கட்டிப் பாக்கலாம்னு."

"அப்படின்னா?"

ஆவுடையப்பன் குருவை ஒரு மாதிரியாகப் பார்த்தார். வேதாந்தமெல்லாம் சொல்கிறவருக்கு இது தெரியாதா என்பது போல.

"சிவப்புப் பூ ஒண்ணு, வெள்ளைப் பூ ஒண்ணு. தனித்தனியா இலையில பொட்டலம் கட்டி அம்மன் காலடியில வைக்கணும். இந்தப் பூ வந்தா சம்மதம், அந்தப் பூ வந்தா வேண்டாம்னு மனசுக்குள்ள நினைச்சுக்கணும். வெளிய சொல்லக் கூடாது. அப்புறம் ஒரு பொட்டலத்தை எடுக்கச் சொல்லணும். வந்த பூதான் உத்தரவு."

"அட!" சின்னச்சாமி கத்தியைக் கீழே வைத்துவிட்டார்.

"நான் இங்க வந்ததே அப்படித்தான சாமி? அம்மன் உத்தரவு குடுத்துத்தான் வந்தேன்."

"இத்தனை நாளா இதை என்கிட்ட சொல்லவே இல்லையே, அண்ணாச்சி! உக்காருங்க, உக்காருங்க."

ஆவுடையப்பன் உட்கார்ந்து சொன்னார். அவர் வீட்டோடு மாப்பிள்ளை. கல்யாணமான நாளிலிருந்து வேதவல்லியின் ஊரான கீழக்குறும்பூரில்தான் வாசம். சர்க்கரை ஆலை வேலையில் இருந்து ஓய்வு பெற்றதும் அவருக்குத் துறவு ஆசை வந்தது. வேதவல்லி ஒத்துக்கொள்ளவில்லை. வீட்டில் தினமும் சண்டை. கடைசியில் ஊர் அம்மனிடமே கேட்டுவிடுவோம் என்று இருவரும் கோயிலுக்குப் போனார்கள். பூசாரி பொட்டலத்தைப் பிரித்தார். சிவப்பு வந்தது. 'அம்மா உத்தரவு சொல்லிட்டா' என்றார் பூசாரி.

"அன்னைக்கு வேதவல்லி முகத்தைப் பாக்கணுமே சாமி! அப்படி ஒரு சிரிப்பு. வீட்டுக்கு வந்து சக்கரைப் பொங்கல் வச்சா. எனக்குத்தான் நிறைய போட்டா. எம்மேல எம்புட்டுப் பிரியம் இருந்தா, இப்படிச் சந்தோஷமா விட்டுக் குடுப்பா? இப்ப நினைச்சாலும் கண்ணு கலங்குது."

"சிரிச்சாங்களா?"

"ஆமா சாமி."

"போகக் கூடாதுன்னு தினமும் சண்டை போட்டவங்களா?"

"அம்மன் சொல்லுக்குக் கட்டுப்படுதவ."

"கட்டுப்படறவங்க பேசாம இருப்பாங்க. பொங்கல் வைப்பாங்களா?"

சின்னச்சாமி எழுந்து வேட்டியில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"வாங்க, கேட்டுப் பார்ப்போம்."

"எதை?"

"ஏன் சிரிச்சாங்கன்னு. எனக்குத் தெரிஞ்சாகணும்."

கிணற்றடியில் வேதவல்லி துணிப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வாழை நார் ஒட்டிய வேட்டியோடு வந்தவரை நிமிர்ந்து பார்த்தாள்.

"தம்பி, சாமியைப் பாக்கணும். எங்க இருக்காங்க?"

"நான்தாம்மா."

"நீங்களா?" அவள் கணவனைத் திரும்பிப் பார்த்தாள். "இவ்வளவு சின்னப் பிள்ளைகிட்டயா நீங்க உபதேசம் கேக்குறீங்க?"

"ஏ வேதவல்லி!"

"விடுங்க அண்ணாச்சி. அம்மா, எனக்கு ஒரு சந்தேகம். அன்னைக்கு ஏன் சிரிச்சீங்க?"

"என்னைக்கு?"

"கோயில்ல சிவப்புப் பூ வந்த அன்னைக்கு."

வேதவல்லிக்குக் கேள்வியே புரியவில்லை.

"சிரிக்காம? இவர் போகக் கூடாதுன்னு அம்மா சொல்லிட்டாங்களே!"

ஆவுடையப்பன் கையில் இருந்த இரண்டு பூக்களையும் மாறி மாறிப் பார்த்தார்.

"சிவப்புன்னா போகக் கூடாதா?" என்றார் சின்னச்சாமி.

"ஆமாம் சாமி. வெள்ளை வந்தா சம்மதம். சிவப்பு வந்தா தடை. எங்க ஊர்ல யாரைக் கேட்டாலும் சொல்வாங்க."

"அது எப்படி?" ஆவுடையப்பனுக்குக் குரல் உயர்ந்தது. "சிவப்பு அம்மனுக்கு உகந்த நிறம்லா? சிவப்புதான சம்மதம்! எங்க ஆலடிப்புதூர்ல..."

"உங்க ஆலடிப்புதூர்ல இருந்துட்டுப் போகட்டும். நீங்க கேட்டது எங்க ஊர் அம்மாவை."

"மனசுல நினைச்சதை வெளிய சொல்லக் கூடாதுன்னு நானும் சொல்லல. நீயும் சொல்லல."

"நீங்க மாத்தி நினைப்பீங்கன்னு நான் கண்டேனா?"

வேதவல்லி இப்போது சின்னச்சாமியைப் பார்த்துச் சொல்ல ஆரம்பித்தாள். அடுத்த நாள் அவள் குளத்துக்குப் போய்த் திரும்பி வந்தபோது வீட்டில் அவர் இல்லை. அம்மன் வேண்டாம் என்று சொல்லியும் மீறிப் போய்விட்டார் என்றுதான் நினைத்தாள். கோபத்தைவிடப் பயம்தான் அதிகமாக இருந்ததாம்.

"வெள்ளிக்கிழமை தவறாம மாவிளக்குப் போட்டேன் சாமி. தெரியாத்தனமா மீறிட்டார், தெய்வக் குத்தம் எதுவா இருந்தாலும் அவருக்குக் குடுக்காத, எனக்குக் குடுன்னு வேண்டிக்கிட்டேன். போன மழையில எனக்கு முட்டி வீங்கிப்போச்சு. என்னால நடக்க முடியல. அப்பாடா, எனக்கே குடுத்துட்டாங்க, இனிமே அவருக்கு ஒண்ணும் வராதுன்னு நிம்மதியா இருந்துச்சு."

ஆவுடையப்பன் அவள் முட்டியைப் பார்த்தார். சேலைக்கு மேலேயே வீக்கம் தெரிந்தது. அம்மன் உத்தரவில் வந்தவன் என்ற தெம்பில் இங்கே அவர் தினமும் நன்றாகச் சாப்பிட்டார், நன்றாகத் தூங்கினார். அவர் பயப்பட வேண்டியதையெல்லாம் அங்கே இவள் பயந்துகொண்டிருந்திருக்கிறாள்.

"எனக்குத் தெரியாதே சாமி," என்றார். "தெரிஞ்சிருந்தாப் போயிருப்பனா? ஊருக்கு ஊர் வழக்கம் மாறிப்போச்சு. நான் என் ஊர் வழக்கத்துல நினைச்சேன், அவ அவ ஊர் வழக்கத்துல நினைச்சா. யார் மேலயும் தப்பு இல்ல."

"ஆமா," என்றார் சின்னச்சாமி. வாளியைக் கிணற்றில் இறக்கினார். பாதி இழுத்தவர் அப்படியே நின்றுவிட்டார். முகத்தில் மறுபடியும் அந்தத் தெரிந்துகொள்ளும் ஆசை வந்துவிட்டது.

"அண்ணாச்சி, அந்தக் கோயில்ல அதுக்கு முன்னால எதுக்காவது பூக் கட்டியிருக்கீங்களா?"

"கட்டியிருக்கோமே. மக கல்யாணத்துக்குக் கட்டினோம்."

"என்ன பூ வந்துச்சு?"

"வெள்ளை."

சொல்லி முடித்ததும் ஆவுடையப்பனின் வாய் திறந்தபடியே நின்றது.

"கல்யாணம் நடந்துச்சா?"

வேதவல்லிதான் சொன்னாள்.

"நடக்காம? இவர்தான் வெள்ளைப் பூவை எடுத்துக் கண்ணுல ஒத்திக்கிட்டார். அம்மா சம்மதம் குடுத்துட்டாங்க, நாளைக்கே பந்தக்கால் நட்டுடலாம்னு கோயில்லயே குதிச்சார். நான்தான்..."

அவளும் பாதியில் நிறுத்திக்கொண்டாள். மெதுவாகத் திரும்பிக் கணவனைப் பார்த்தாள். வெள்ளைதான் சம்மதம் என்பது அவருக்கும் தெரிந்துதான் இருந்திருக்கிறது.

சின்னச்சாமி வாளியை மேலே இழுத்து, தண்ணீரைத் தொட்டியில் ஊற்றினார். இன்னொரு வாளி இழுத்தார். கால் கழுவினார். அவருக்கு எந்த அவசரமும் இருந்ததாகத் தெரியவில்லை.

"சாமி," என்றார் ஆவுடையப்பன். "நான் அம்மன் பேச்சைக் கேட்டனா, மீறினனா?"

"சிவப்புப் பூ வந்துச்சு. அம்மன் சொன்னது அவ்வளவுதான். மிச்சத்தைச் சொன்னது நீங்க."

ஆவுடையப்பன் துவைக்கிற கல்லின் மேல் பூக்களை வைத்தார். வெறுங்கையோடு போய் வேதவல்லியின் முன்னால் நின்றார். பிறகு அவள் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்துகொண்டார்.

"நான்தான் போனேன்," என்றார். "அம்மன் அனுப்பல. எனக்குப் போகணும்னு இருந்துச்சு. உங்கிட்ட அப்படிச் சொல்ல வாய் வரல. பூ வந்ததும் அதைப் புடிச்சுக்கிட்டேன்."

வேதவல்லியின் கண்ணில் தண்ணீர் நின்றது. ஆனால் குரல் திடமாகத்தான் இருந்தது.

"இதை அன்னைக்கே சொல்லியிருந்தா அழுதிருப்பேன். நல்லாத் திட்டியிருப்பேன். அப்புறம் ஆறிப்போயிருக்கும். மாவிளக்குப் போட்டிருக்க மாட்டேன்."

"வேதவல்லி..."

"போனது போகட்டும். இப்ப சொல்லுங்க. வர்றீங்களா, வரலையா? வர்றேன்னா ஊருக்குப் போய் வீட்டைக் கூட்டி வைக்கிறேன். வரலைன்னா ஓசூருக்குப் போறேன். எதுவா இருந்தாலும் கேட்டுக்கறேன். இந்தத் தடவை உங்க வாயால சொல்லிடுங்க, அது போதும்."

ஆவுடையப்பன் அவளைப் பார்த்தார். மடத்துக் கொல்லையில் கொடியில் காயும் காவித் துணியைப் பார்த்தார். இங்கே இருந்த நான்கு வருடமும் அவருக்குப் பிடித்துத்தான் இருந்தது. அது பொய் இல்லை. இந்த முட்டியோடு அவள் ஓசூரில் மகள் வீட்டு மாடிப்படி ஏறுவதை நினைத்தால் தாங்கவில்லை. அதுவும் பொய் இல்லை. இரண்டில் எதைச் சொன்னாலும் மற்றதைத் தாங்கித்தான் ஆகவேண்டும் என்று அவருக்கு முதல்முறையாகத் தெரிந்தது.

தெரு முனையில் பஸ் ஹாரன் கேட்டது. அது வேறு ஊர் பஸ்தான். ஆனாலும் ஆவுடையப்பன் சட்டென்று எழுந்தார். எழுந்த வேகத்தில் கைகள் தாமாகக் கூப்பிக்கொண்டன, முகம் தானாகச் சின்னச்சாமியின் பக்கம் திரும்பியது.

"சாமி, நீங்க சொல்லுங்க. உங்க வாக்கு எனக்குத் தெய்வ வாக்கு. போன்னு சொன்னாப் போறேன், இருன்னு சொன்னா இருக்கேன். அப்படியே கேக்கேன் சாமி. போகட்டுமா, இருக்கட்டுமா?"

சின்னச்சாமி வாளியைக் கவிழ்த்து வைத்தார். காலையிலிருந்து கேள்விகளாகவே கேட்டுக்கொண்டிருந்தவர் இப்போது ஒன்றும் கேட்கவில்லை.

"என்னையும் பூவாக்கிடாதீங்க, அண்ணாச்சி."