அலைமகள் லாட்ஜின் காபி

கடற்கரையில் உட்கார்ந்து வேலை எதுவுமில்லாமல் யோசிக்கிறவர்களுக்காக ஒரு முடிச்சு வைத்திருக்கிறேன். போட்டது நான், அவிழ்க்க வேண்டியது நீங்கள். அவசரம் வேண்டாம். இது நடந்த புன்னைக்கரையில் யாரும் எதற்கும் அவசரப்படுவதில்லை.

அந்த ஊர்க் காற்று அப்படி. விடுமுறைக்கு வருகிறவர்கள் முதல் நாளே கிழமையை மறந்துவிடுவார்கள். வருமான வரி அலுவலகத்திலிருந்து ஓய்வு பெற்ற தணிகாசலம் இரண்டு நாள் தங்கிப் போகலாமென்று வந்தவர், வருடக்கணக்கில் அலைமகள் லாட்ஜின் மாடி அறையிலேயே இருக்கிறார். ஊருக்குத் திரும்பும் நினைப்பு அவ்வப்போது வரும், ஒரு காற்று அடித்தால் கலைந்துவிடும். கடற்கரையில் தொப்பியும் கூலிங்கிளாஸும் விற்கும் ரெஜினா அவருக்குக் கூட்டாளி. முன்பு நடந்த இரண்டு கொலைகளில் போலீசுக்கு முன்னால் ஆளைக் கண்டுபிடித்தவர்கள் இந்த இருவரும்தான். அதனால் இன்ஸ்பெக்டருக்கு இவர்கள் பெயரே வேப்பங்காய்.

மூன்றாவது கொலை அவர்கள் மடியிலேயே வந்து விழுந்தது.

லாட்ஜ் முதலாளி ஞானவேல் கல்யாணம் செய்துகொள்ளாதவர். தாயில்லாத அவரைத் தூக்கி வளர்த்த அக்கா வடிவாம்பாளும் தம்பிக்காகவே கல்யாணம் வேண்டாமென்று இருந்துவிட்டாள். இருவரும் லாட்ஜின் கீழ்த்தளத்தில் குடியிருந்தார்கள். விடிந்ததும் வாசல் தெளித்து அவள் போடும் கோலத்தைப் படமெடுக்க வெளியூர்க்காரர்கள் கேமராவோடு காத்திருப்பார்கள். காய்ச்சலோடும் போடுவாள், மழையென்றால் கதவுக்கு உள்ளே போடுவாள். அதன்பிறகுதான் அவள் கையால் காபி. தணிகாசலம் ஊரைவிட்டுப் போகாததற்குக் கடல் பாதிக் காரணம், அந்தக் காபி மீதி.

ஞானவேலுக்குத் திடீரென்று லாட்ஜை விற்கும் எண்ணம் வந்தது. வாங்குகிற கம்பெனி அதை இடித்துவிட்டுப் பெரிய ஓட்டல் கட்டப்போகிறது. விற்றால் மேனேஜர் கோதண்டத்துக்கு வேலை போகும். எதிர்மணலில் படகு நிறுத்திச் சவாரி ஓட்டும் அந்தோணிக்கு இடம் போகும். அக்காவுக்குப் பிறந்த வீடே போகும். அந்தோணி ரெஜினாவின் தம்பி. அவன் கடைத்தெருவில் நின்று ஞானவேலைப் பார்த்து, "உன்னைச் சும்மா விடமாட்டேன்யா" என்று கத்தியது ஊருக்கே கேட்டது.

அது ஒரு வெள்ளிக்கிழமைக் காலை. கடல் எங்கே முடிகிறது, வானம் எங்கே தொடங்குகிறது என்று தெரியாமல் எல்லாம் ஒரே வெண்மையாக இருந்தது. ரெஜினா கடை திறக்கப் போனாள். லாட்ஜ் வாசல் காய்ந்து கிடந்தது, வெறும் சிமெண்டுத் தரையில் காற்று மணலை இழுத்து விளையாடிக்கொண்டிருந்தது. கனவில் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டு அவள் நடந்துவிட்டாள்.

மாடியில் தணிகாசலத்துக்குக் காபி டீக்கடைக் காகிதக் கப்பில் வந்தது. முகத்தைச் சுளித்துக்கொண்டு இறங்கி வந்தார். தலைக்குக் குளித்த ஈரக்கூந்தலோடு வடிவாம்பாள் கூடத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"கேஸ் தீர்ந்துபோச்சு சார். இன்னிக்கு ஒருநாள் பொறுத்துக்குங்க."

"முதலாளியைக் காணோமே?"

"தம்பி மெட்ராஸ் போயிருக்கான். நாளைக்கு வந்துடுவான்."

கோதண்டம் சாமி படத்துக்கு ஊதுவத்தி ஏற்றி, ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டிருந்தான். அந்தோணி ஒரு குடும்பத்தைப் படகில் ஏற்றிக்கொண்டு சவாரி போனான்.

மதியம், கலங்கரை விளக்கத்துக்கு அப்பால் பாறை இடுக்கில் ஞானவேலின் உடல் கிடந்ததைக் குளிக்கப் போனவர்கள் பார்த்தார்கள். முந்தின நாள் மாலையே உயிர் போயிருக்கிறது என்றார் டாக்டர். பின்மண்டையில் துடுப்பால் விழுந்த அடி. துடுப்பு அந்தோணியுடையது. எப்போதும் மணலில் கிடப்பதுதான், யார் வேண்டுமானாலும் எடுத்திருக்கலாம். போலீஸ் அந்தோணியை அழைத்துக்கொண்டு போய்விட்டது. வருகிற ஞாயிறு சர்ச்சில் அவனுடைய கல்யாணத்தைச் சபைக்கு அறிவிக்கும் ஓலை வாசிப்பதாக இருந்தது. பெண் வீட்டார் கொஞ்சம் தள்ளிப்போடலாம் என்று சொல்லி அனுப்பினார்கள். தள்ளிப்போட்டால் அந்தக் கல்யாணம் நடக்காது என்று ரெஜினாவுக்குத் தெரியும். பெற்றவர்கள் போனபின் அவனை வளர்த்து ஆளாக்கியவள் அவள்.

சாயங்காலம் கடையோரம் இருவரும் உட்கார்ந்தார்கள்.

"நேத்து சாயங்காலம் எங்கே இருந்தேன்னு கோதண்டம் சொல்லமாட்டேங்கிறான்," என்றார் தணிகாசலம். "எனக்கு அவன்மேலதான் சந்தேகம்."

ரெஜினா அலையையே பார்த்துக்கொண்டிருந்தாள். "சார், காலையில காபி குடிச்சீங்களா?"

"அது காபியாம்மா? கழனித்தண்ணி. கடையில வாங்கினது. கேட்டா கேஸ் தீர்ந்துபோச்சாம்."

அதைக் கேட்டதும் ரெஜினா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். தம்பி பிழைத்துக்கொண்டான் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. ஆனால் அந்த அழுகை தம்பிக்காக மட்டும் இல்லை.

இப்போது சொல்லுங்கள். மூவரில் ஞானவேலைக் கொன்றது யார்? ஒரு காகிதக் கப் காபியிலிருந்து ரெஜினாவுக்கு அது எப்படித் தெரிந்தது?

விடை: வடிவாம்பாள். சாவு விழுந்த வீட்டில் உடலை எடுக்கும்வரை அடுப்பு எரியாது, வாசலில் கோலம் விழாது. தம்பி மெட்ராஸில் இருக்கிறான் என்று சொன்னவள், உடல் கிடைப்பதற்கு முன்பே, விடிந்ததிலிருந்தே அவனுக்குத் துக்கம் அனுசரித்துக்கொண்டிருந்தாள். மற்ற இருவருக்கும் அவன் உறவில்லை. ரெஜினா நேரே போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்: "கேஸ் தீர்ந்தா காபி வராது, சரிக்கா. கோலத்துக்கும் கேஸ் வேணுமா?" வடிவாம்பாள் எதையும் மறைக்கவில்லை. வீட்டை விற்காதே என்று பாறைவரை பின்னாலேயே கெஞ்சிக்கொண்டு போனதையும், அவன் சிரித்ததையும், வழியில் மணலிலிருந்து எடுத்தது தெரியாமலே கையில் துடுப்பு இருந்ததையும் சொன்னாள். பிறகு சொன்னாள்: "போட்டிருந்தா தப்பிச்சிருப்பேன்னு தெரியும்மா. மாவைக் கையில எடுத்துட்டேன். எம்புள்ள அங்க செத்துக் கிடக்கறான், எப்படிம்மா கோலம் போடுவேன்?"