எந்தக் கரணம்?

ஆற்றங்கரைக் குடிசைகளை அகற்றிவிட்டு அங்கே தனக்கொரு பூந்தோட்டம் போட ஆசைப்பட்டார் மந்திரி வித்யாபதி. "கரணம் காட்டாதவர் குடிசை இடிக்கப்படும்" என்று தண்டோரா போடச் சொன்னார். பத்திரத்துக்கு அப்படியொரு பழைய பெயர் உண்டென்று அங்கே யாருக்கும் தெரியாது. கழைக்கூத்தாடி காத்தாயி, இடிக்க வந்த சேவகர்கள் முன்னால் குட்டிக்கரணம் அடித்துக் காட்டினாள். அவர்கள் சிரித்துக்கொண்டே அவள் குடிசையைத்தான் முதலில் இடித்தார்கள்.

காத்தாயி நேரே அரசவைக்குப் போனாள்.

"மகாராஜா, கரணம் கேட்டார்கள், காட்டினேன். அப்புறமும் இடித்துவிட்டார்கள்."

"கரணம் என்றால் பத்திரம், முட்டாளே" என்றார் மந்திரி.

"சபையில் மற்ற பெரியவர்களையும் கேளுங்கள், மகாராஜா."

ராஜா கேட்டார்.

"திதியில் பாதி" என்றார் ஜோதிடர்.

"ஆடலில் ஒரு நிலை" என்றார் நட்டுவனார்.

காத்தாயி மந்திரி பக்கம் திரும்பினாள். "இந்தச் சபைக்கே ஒன்றுபோலப் புரியாத சொல்லை வைத்து என் வீட்டை இடித்திருக்கிறீர்கள், ஐயா. பத்திரம் என்று கேட்டிருந்தால் அப்போதே எடுத்துக் காட்டியிருப்போம். அது தெரிந்துதானே அப்படிக் கேட்கவில்லை?"

மந்திரியே தன் கையால் அந்தக் குடிசையைத் திரும்பக் கட்ட வேண்டும் என்று ராஜா உத்தரவிட்டார். கூரை கோணலாக இருக்கிறதென்று காத்தாயி அதை மறுபடியும் பிரித்துக் கட்டவைத்தாள்.