பத்தில் ஒரு பங்கு வண்டி

மணற்குடியை ஆண்ட மாறவேள் மன்னர் நல்லவர்தான். ஆனால் அந்த வருஷம் ஏரிக்கரை உடைந்து, அதைக் கட்டிக் கட்டியே கஜானா காலியாகிவிட்டது. என்ன செய்வதென்று யோசித்து, வண்டிகளுக்கு ஒரு வரி போட்டார். ஓலையில் எழுதி ஊரெல்லாம் தண்டோரா போட்டார்கள்: ‘வண்டி வாங்குகிறவர் விலையாக எதைக் கொடுக்கிறாரோ, அதில் பத்தில் ஒரு பங்கைச் சுங்கமாகச் செலுத்த வேண்டும்.’

வசூலிக்கும் பொறுப்பு சுங்க அதிகாரி ஆளுடையாருக்கு. மனிதர் கறார் பேர்வழி. ஓலையில் இருப்பதில் ஒரு புள்ளிகூட மாறக்கூடாது என்பார்.

இந்தச் சமயத்தில்தான் இருளாயி புது வண்டி வாங்கினாள். அவள் உப்பு வியாபாரி. புருஷன் போன பிறகு, தானே மாடு பூட்டி ஊர் ஊராகப் போய் உப்பு விற்றுப் பிழைப்பவள். பழைய வண்டி பாரம் தாங்காமல் முனக ஆரம்பித்ததால், மாயாண்டி ஆசாரியிடம் புதிதாக ஒன்று பேசினாள். விலை நூறு பணம். பழைய வண்டியை அறுபது பணத்துக்கு ஆசாரி எடுத்துக்கொண்டார். மீதி நாற்பதை ரொக்கமாகக் கொடுத்தாள். நாற்பதுக்கு வரி நான்கு பணம் என்று கணக்குப் போட்டு, அதையும் முந்தானையில் முடிந்துகொண்டாள். உப்பு மூட்டைகளை ஏற்றிக்கொண்டு கோட்டை வாசலுக்கு வந்தாள்.

ஆளுடையார் வண்டியை மறித்தார். வண்டியின் விலை நூறு, ஆகவே வரி பத்துப் பணம் என்றார். கையிலிருந்து போனது நாற்பதுதானே என்று இருளாயி கேட்டுப் பார்த்தாள். பழைய வண்டியும் விலையாகக் கொடுத்ததுதான், ஓலையில் அப்படித்தான் இருக்கிறது என்று சொல்லிவிட்டு, மாட்டை அவிழ்த்து ஓரமாகக் கட்டச் சொன்னார். வானமோ கறுத்துக்கொண்டு வந்தது.

அந்த வழியாக அரண்மனைக்குப் போய்க்கொண்டிருந்தார் கூத்தபிரான். மன்னரின் சபையில் யோசனை சொல்பவர். வாய் கொஞ்சம் நீளம் என்று ஆளுடையாருக்கு அவர்மேல் ஏற்கெனவே கடுப்பு. வண்டியையும் மேகத்தையும் இருளாயியின் முகத்தையும் பார்த்துவிட்டு நின்று விசாரித்தார்.

“இன்னும் ஆறு பணத்துக்கு நான் எங்கே போவேன் ஐயா? மழை பிடித்தால் எனக்கு மிஞ்சப்போவது ஈரச் சாக்குதான்” என்றாள் அவள். அழவில்லை. அழுதால் பார்க்க இன்னும் லேசாக இருந்திருக்கும்.

கூத்தபிரான் அவளை அழைத்துக்கொண்டு நேராக ஆசாரியின் பட்டறைக்குப் போனார். ஆசாரிக்கும் வயிற்றெரிச்சல்தான். இந்த வரி வந்ததிலிருந்து பழைய வண்டியைக் கொடுத்துப் புதியது வாங்க இருளாயியைத் தவிர யாரும் வருவதில்லை. கூத்தபிரான் காதில் சொன்ன யோசனையைக் கேட்டதும் ஆசாரி சிரித்துக்கொண்டே தராசை எடுத்தார்.

கொஞ்ச நேரத்தில் மூவரும் சபையில் நின்றார்கள். கூத்தபிரானின் தோளில் ஒரு நுகத்தடி. அதை மன்னர் முன்னால் தரையில் வைத்தார். அதன்மேல் நான்கு பணத்தை வரிசையாக வைத்தார். இருளாயியின் வரி முழுசும் கட்டியாயிற்று, வண்டியை விடச் சொல்ல வேண்டும் என்றார்.

சேதி கேட்டுக் கோட்டை வாசலிலிருந்து வந்திருந்த ஆளுடையார் பாய்ந்து வந்தார். இது என்ன கேலி என்று கேட்டார். கேலி இல்லை, ஓலையைப் படியுங்கள் என்றார் கூத்தபிரான். ஆளுடையாரே படித்தார்.

“விலையாக இவள் கொடுத்தது நாற்பது பணமும் ஒரு வண்டியும். நாற்பதில் பத்தில் ஒரு பங்கு நான்கு பணம். வண்டியில் பத்தில் ஒரு பங்கு இந்த நுகத்தடி. ஆசாரி எடை போட்டுப் பார்த்துவிட்டார். ஒரு புள்ளி மாறவில்லை.”

மன்னர் நுகத்தடியைக் காலால் லேசாகத் தள்ளிப் பார்த்தார். இதை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது என்று கேட்டார்.

“பத்திரமாக வையுங்கள் மன்னா. இதேபோல் இன்னும் ஒன்பது பேர் வரட்டும். அரண்மனைக்கு ஒரு முழு வண்டி சேர்ந்துவிடும். ஒன்பது பேரும் நுகத்தடியாகவே கொண்டுவந்தால் மட்டும்தான் சிக்கல்.”

சபை சிரித்தது. மன்னர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, ஆறு பணத்தை அப்படியே விட்டுவிட்டால் ஏரிக்கரையை யார் கட்டுவது என்றார்.

அந்த ஆறு பணம் எங்கேயும் போகாது என்று கூத்தபிரான் விளக்கினார். ஆசாரி அந்தப் பழைய வண்டியைச் செப்பனிட்டு நாளைக்கு வேறொருவருக்கு விற்பார். வாங்குகிறவர் அதற்கு வரி கட்டத்தான் போகிறார். ஒரே வண்டிக்கு இன்றைக்கு இவளிடமும் நாளைக்கு அவரிடமும் வாங்குவானேன்? மாற்றிக் கொடுத்த வண்டியைக் கழித்துவிட்டு, மற்றதற்கு மட்டும் வரி வாங்கினால் ஜனங்கள் தைரியமாக வண்டி மாற்றுவார்கள். பட்டறைகளும் ஓடும், கஜானாவும் நிறையும்.

மன்னருக்கு நியாயம் புரிந்தது. அங்கேயே ஓலையைத் திருத்தச் சொன்னார். இருளாயி ஓட்டமாக ஓடினாள். முதல் தூறல் விழும்போது மூட்டைகள் சத்திரத்துக் கூரைக்குக் கீழே போய்ச் சேர்ந்திருந்தன.

சபையில் மன்னர் சந்தோஷத்தில் கூத்தபிரானுக்கு ஒரு வில்வண்டி பரிசளித்தார். அதுவும் வெள்ளைக் காளைகளோடு. கூத்தபிரான் கை கூப்பி வணங்கிவிட்டு, வாசலில் நின்ற வண்டியில் ஏறப் போனார். ஆளுடையார் குறுக்கே வந்து நின்றார்.

“வண்டி இருநூறு பணம் பெறும். வரி இருபது.”

“பரிசுக்கா?”

“ஓலையில் பரிசு என்ற வார்த்தையே இல்லை. விலையாகக் கொடுத்ததில் பத்தில் ஒரு பங்கு. அவ்வளவுதான்.”

“வாஸ்தவம். இந்த வண்டிக்கு நான் கொடுத்தது ஒரு கும்பிடு. பத்து விரலும் சேர்ந்த கும்பிடு” என்ற கூத்தபிரான், சுண்டுவிரல் ஒன்றை மட்டும் ஆளுடையாரிடம் நீட்டினார். “இந்தாருங்கள், உங்கள் பங்கு.”