தவிட்டுக்குருவிகள் பேசாத ஒரே விஷயம்

அந்தக் காலத்தில், பறவைகளும் நம்மைப்போல் பேசிக்கொண்டிருந்த நாளில், ஓர் இலந்தைப் புதரில் தவிட்டுக்குருவிச் சகோதரிகள் ஏழு பேர் இருந்தார்கள். ஏழு தலையும் ஆடாமல் ஒரு புழுவைக்கூடத் தொடக் கூடாது என்பது அவர்கள் வீட்டுச் சட்டம். ஆறு பேர் தலையாட்டும் நேரம் பார்த்து ஏழாமவள் தண்ணீர் குடிக்கப் போயிருப்பாள். அவள் திரும்பியதும் பேச்சு மறுபடி முதலிலிருந்து தொடங்கும். அதற்குள் புழு மண்ணுக்குள் போயே போய்விடும்.

கடைக்குட்டி ஒச்சாயிக்கு இந்தக் கூத்தெல்லாம் பழக்கம்தான். ஆனால் அந்த ஆடியில் அவள் தன் முதல் முட்டையை இட்டிருந்தாள். முதலில் அடைகாப்பது யார் என்று முடிவு செய்யக் கீழே வரச் சொன்னார்கள் அக்காமார்கள். இட்டவள் நானே இருக்கிறேனே என்றாள் ஒச்சாயி. அதையும் பேசித்தான் முடிவு செய்ய வேண்டும் என்றாள் மூத்தவள் வீராயி.

உச்சி வெயில்வரை பேசிவிட்டு மேலே வந்தால், கூட்டில் இரண்டு முட்டைகள். அடுத்தவர் கூட்டில் முட்டையிடும் சுடலைக்குயில் வந்த வேலையை முடித்துக்கொண்டு போயிருந்தது. இரண்டும் ஒரே நீலம்.

நம்முடையது இடது என்றாள் ஒருத்தி, வலது என்றாள் இன்னொருத்தி. உருட்டி உருட்டிப் பார்த்ததில் எது இடது, எது வலது என்பதும் மறந்துபோனது. மூன்று நாள் பேசினார்கள். ஒச்சாயிக்கு இருப்புக்கொள்ளவில்லை. உட்கார்ந்தாள், எழுந்தாள், கிளைக்குத் தாவினாள், திரும்ப வந்து உட்கார்ந்தாள். குயில் குஞ்சு வளர்ந்தால் தன் குஞ்சை மிதித்தே கொன்றுவிடும் என்று பயந்தாள்.

நான்காம் நாள், "எதை முதல்ல பேசணும்னு முதல்ல பேசுவோம்," என்று ஒருத்தி ஆரம்பித்தாள். ஒச்சாயிக்குப் பொறுமை போய்விட்டது. யாரையும் கேட்காமல் ஒரு முட்டையை அலகால் தள்ளினாள். அது கல்லில் விழுந்து உடைந்தது.

மீதி முட்டை பொரிந்தது. வெளியே வந்தது குயில் குஞ்சு.

தன் பிள்ளையைத் தானே தள்ளிவிட்ட ஒச்சாயி கூட்டோரத்தில் ஒடுங்கி அழுதாள். குற்றம் யாருடையது என்று பேச ஐந்து அக்காமார்கள் கீழே கூடினார்கள். வீராயி மட்டும் போகவில்லை. யாரையும் கேட்காமல் ஒரு புழுவைப் பிடித்து வந்தாள்.

"பசியில கத்துது, ஒச்சாயி. நீயே குடு."

ஒச்சாயி கூட்டோரத்திலிருந்து நகர்ந்து வந்தாள். பிறகு புழுவை வாங்கி அந்தச் சிவந்த வாயில் வைத்தாள். கீழே பேச்சு நின்றுபோனது.

இன்றும் தவிட்டுக்குருவிகள் ஒரு வேலியிலிருந்து அடுத்த வேலிக்குப் போவதற்கும் கூடிக் கூடிக் கத்துகின்றன. ஆனால் அன்று முதல், கூட்டில் வாய் திறக்கும் குஞ்சு யாருடையது என்று மட்டும் ஒரு வார்த்தைகூடப் பேசுவதில்லை.