கொம்பையாவின் வலது கன்னம்

சொன்னதைச் சொன்னபடி செய்கிற மனிதர்கள் உலகத்தில் அருகிவிட்டார்கள் என்று வருத்தப்படுகிறவர்கள் ஒரு நடை வேப்பங்கரிசலுக்கு வந்து பார்த்துவிட்டுப் போகலாம். ஊரைத் தாண்டி டவுனுக்குப் போகும் சாலை சட்டென்று வளைகிற இடத்தில் ‘வளைவு. ஒலி எழுப்பவும்’ என்று ஒரு பலகை நிற்கிறது. மினிபஸ் அங்கே ஹாரன் அடிக்கும். சைக்கிளில் போகிறவர் மணி அடிப்பார். நடந்து போகிறவர் நின்று, செருமிக்கொண்டு, ‘ஓ’ என்று ஒரு சத்தம் போட்டுவிட்டு மேலே நடப்பார். தொண்டை கட்டியிருந்தால் அன்றைக்கு டவுன் வேலையைத் தள்ளிப்போட்டுவிடுவார்கள்.

அந்த மினிபஸ்ஸை ஓட்டுகிறவன் கொம்பையா. காலையில் வடக்கே டவுனுக்கு ஓட்டுவான்; வெயில் கிழக்கிலிருந்து வலது ஜன்னல் வழியாக விழும். சாயங்காலம் தெற்கே திரும்பி வருவான். வெயில் மேற்கிலிருந்து அதே வலது ஜன்னல் வழியாக விழும். ஏழு வருஷமாக இப்படி ஒரே கன்னத்தில் வாங்கி வாங்கி, அவன் முகத்தில் மூக்குக்கு வலப்புறம் அடுப்படிச் சுவர் மாதிரியும், இடப்புறம் முன்னறைச் சுவர் மாதிரியும் ஆகிவிட்டது. அவனுக்கு அது பெரிய விஷயமாகவே இருந்ததில்லை, முப்பிடாதி வந்து உட்காரும்வரை.

முப்பிடாதி பக்கத்து ஊர்க்காரி. பஸ் அவள் ஊரில்தான் கிளம்பும். டவுனில் ஜெராக்ஸ் கடையில் வேலை. தினமும் இடது பக்கம் முதல் சீட்டில் உட்கார்ந்து, சாலையைப் பார்த்துக்கொண்டிருக்கும் டிரைவரின் இடது கன்னத்தோடு ஒரு வருஷமாகப் பேசிக்கொண்டு வந்தாள். அவன் சாலையைப் பார்த்தபடியே பதில் சொல்வான். ஏறும்போதும் இறங்கும்போதும்கூட அவன் முகத்தைத் திருப்பியதில்லை. ‘டிரைவருடன் பேசாதீர்’ என்று அவன் தலைக்கு மேல் எழுதியிருந்தது. பயணி டிரைவரோடு பேசக் கூடாது, டிரைவர் பயணியோடு பேசுவதைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை என்று ஊர் கூடி முடிவு செய்திருந்ததால் பாதிப் பேச்சு மட்டும் குற்றமாக இருந்தது.

அந்தப் பேச்சு கல்யாணப் பேச்சில் வந்து நின்று, கடைசியில் பெண் வீட்டார் மாப்பிள்ளை வீட்டைப் பார்க்க வருகிறோம் என்று சொல்லி அனுப்பினார்கள். பெண்ணும் கூட வருகிறாளாம். அந்தப் பக்கம் அதெல்லாம் வழக்கமில்லை. ஆனால் அவள் வருவேன் என்று சொல்லிவிட்டாள். கொம்பையா அன்றைக்கே பஸ் கண்ணாடியைத் திருப்பி, வலது கன்னத்தைப் பார்த்தான். ஒரு கன்னத்தைப் பார்த்து ஆசைப்பட்டவள், இரண்டாவது கன்னத்தைப் பார்த்ததும் எழுந்து போய்விட்டால்?

அண்ணன்கள் இருவரிடமும் சொன்னான். மூத்தவர் பூல்பாண்டி, இளையவர் வெயிலுமுத்து. இருவரும் சுவருக்கு வெள்ளையடிக்கிற, பெயிண்ட் அடிக்கிற தொழில். பூல்பாண்டி தம்பியின் முகத்தை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். நகத்தால் லேசாகச் சுரண்டினார். பூச்சு உள்ளே விட்டிருக்கிறதா என்று சுவரைத் தட்டுவது மாதிரி தட்டிக் காதை வைத்துக் கேட்டார்.

“பொக்கு ஒண்ணும் இல்ல. நிறம் மட்டும்தான் கோளாறு. ரெண்டு கோட்டுல சரியாயிரும்” என்றார்.

டவுனுக்குப் போய், ஃபேன்சி ஸ்டோரில் ஒரு சின்ன டப்பாவும் ஒரு க்ரீமும் வாங்கி வந்தார். டப்பாவைத் திறந்தால் உள்ளே ஆரஞ்சு, பச்சை, ஊதா என்று வரிசையாக வட்டங்கள். முகத்தில் நிறம் ஒரே சீராக இல்லாதவர்களுக்கென்றே வந்திருக்கிறதாம். கடைப்பெண் சொன்னதை அவர் ஒரு வார்த்தை சிந்தாமல் கொண்டுவந்திருந்தார். கறுத்த இடத்துக்கு ஆரஞ்சு, சிவந்த இடத்துக்குப் பச்சை. ஒன்றை ஒன்று அடித்துவிடும், இரண்டும் தெரியாது. அதற்கு மேலே தோல் நிறத்து க்ரீம். எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு சின்ன இடத்தில் தடவி, ஒரு நாள் விட்டுப் பார்க்க வேண்டும்.

வீட்டிலேயே சின்ன இடம் குளியலறைதான். அதன் சுவரில் ஆரஞ்சைத் தடவிவிட்டு, மூன்று பேரும் முறை வைத்துக் காவல் இருந்தார்கள். மறுநாள் குளியலறைக்கு அரிப்போ தடிப்போ இல்லை. எல்லோருக்கும் நிம்மதி.

அடுத்து தோல் நிறத்து க்ரீம். அதைக் கடைப்பெண் பூல்பாண்டியின் மணிக்கட்டில் வைத்துப் பார்த்து, ‘ஒங்க தோலுக்கு இதுதாண்ணே சரியா இருக்கும்’ என்று எடுத்துக் கொடுத்தாளாம். அதைக் கேட்டதும் வெயிலுமுத்து கையை நீட்டித் தடுத்தார்.

“ஒங்க தோலுக்குன்னா சொன்னா?”

“ஆமா.”

“அப்ப அது இவன் தோலுக்கு இல்ல. ஒருத்தருக்கு வாங்குனதை இன்னொருத்தருக்குப் பூசுறது நாம செய்யுற வேலையா? நாளைக்கு அந்தப் புள்ள கேட்டா என்ன பதில் சொல்லுவ?”

பூல்பாண்டி யோசித்தார். நியாயம் நியாயம்தான். க்ரீமை எடுத்துத் தன் முகத்தில் தானே பூசிக்கொண்டார். மூன்று பிள்ளைகளின் தகப்பன், பத்து வயசு குறைந்து பளபளவென்று ஆனார்.

பெண் வீட்டார் வருகிற அன்று காலையில் வேலை ஆரம்பமானது. ஜன்னலுக்குப் பெயிண்ட் அடிக்கும்போது கண்ணாடியில் காகிதம் ஒட்டி மறைப்பது தொழில்முறை. அதன்படி கொம்பையாவின் இடது பாதி முகத்துக்கு நெற்றி முதல் மோவாய்வரை பழைய செய்தித்தாளை டேப் போட்டு ஒட்டினார்கள். மீதிப் பாதியில் ஆரஞ்சு ஏறியது. கழுத்தில் அண்ணன்கள் வேலை நடக்கிற வீட்டு வாசலில் மாட்டும் பலகையை மாட்டினார்கள்: ‘வர்ணம் ஈரம். தொடாதீர்கள்.’

பிறகு மூவரும் உட்கார்ந்து, இரண்டு நிறமும் ஒன்றை ஒன்று அடித்துக்கொண்டு காணாமல் போவதற்காகக் காத்திருந்தார்கள்.

கறுப்பு காணாமல் போனது. ஆரஞ்சு போகவில்லை.

“ஆரஞ்சு ஜெயிச்சிருச்சு” என்றார் வெயிலுமுத்து கவலையாக.

“இப்ப ஆரஞ்சை யாரு அடிப்பா?” என்று கேட்டான் கொம்பையா, காகிதம் அசையாமல்.

“கறுப்புதான் அடிக்கும். ஆனா அதை இப்பத்தானே விரட்டுனோம். திரும்பக் கூப்பிட்டா வருமா?” என்றார் பூல்பாண்டி.

இதற்கு விடை கிடைப்பதற்குள் வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது.

முப்பிடாதியின் அப்பா சப்பாணிமுத்து உள்ளே வந்ததும் பூல்பாண்டியைத்தான் முதலில் பார்த்தார். பார்த்ததுமே அவர் முகம் மலர்ந்துவிட்டது. மாப்பிள்ளை நல்ல லட்சணமாக இருக்கிறார், பஸ்ஸில் பக்கவாட்டில் பார்த்தபோதுதான் சரியாகத் தெரியவில்லை என்று மகளிடம் மெல்லச் சொன்னார். அது மாப்பிள்ளையின் அண்ணன், அந்த மூலையில் இருப்பதுதான் மாப்பிள்ளை என்று காட்டினார்கள். அவர் மூலையைப் பார்த்தார். மூலையில் ஒரு பாதி ஆரஞ்சாகவும், மறுபாதியில் போன மாசத்து வெங்காய விலையுமாக ஒருவன் எழுந்து கும்பிட்டான்.

முப்பிடாதி வெகுநேரம் பார்த்தாள். அவளுக்குத் தெரிந்த பாதி மூடியிருந்தது. திறந்திருந்த பாதியை அவள் பார்த்ததே இல்லை.

“எங்க பஸ் டிரைவர் எங்க?” என்று கேட்டாள்.

“உள்ளதாம்மா இருக்கான், பேப்பருக்குள்ள” என்றார் வெயிலுமுத்து. “காயிறதுக்கு முந்தி உரிச்சா ஓரம் பிசிறடிச்சிரும்.”

சப்பாணிமுத்து உரித்தே ஆக வேண்டும் என்றார். உரித்தார்கள். ஓரம் பிசிறில்லாமல் நூல் பிடித்தாற்போல வந்தது; கூடவே இடது பக்க மீசையும் வந்தது. பிறகு ஆரஞ்சையும் துடைத்தார்கள். கறுப்பு, ஒளிந்திருந்த பிள்ளை மாதிரி அப்படியே எழுந்து வந்தது.

சப்பாணிமுத்து பொறுமையான மனிதர். ஆனாலும் ஒரு கன்னம் ஒரு நிறத்தில், ஒரு மீசை ஒரு பக்கத்தில் என்றால் எந்த மாப்பிள்ளைக்குப் பெண் கொடுப்பது? ரெண்டு பக்கமும் ஒரே மாதிரி ஆகட்டும், அன்றைக்கே தட்டை மாற்றிக்கொள்ளலாம் என்று துண்டை உதறித் தோளில் போட்டார்.

கொம்பையா தரையைப் பார்த்தான். அவன் வாழ்க்கை முழுக்க இனி அந்தக் காலி முதல் சீட்டுதான் என்று அவனுக்குத் தோன்றியது.

முப்பிடாதி வாசற்படியில் திரும்பினாள். கோபமா, சிரிப்பா என்று அவளுக்கே தெரியவில்லை. “அதுக்கு என்ன, வெயில் மறுபக்கமும் விழணும், அவ்வளவுதானே? நாளையிலருந்து பஸ்ஸைப் பின்பக்கமா ஓட்டச் சொல்லுங்க” என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அவள் போன பிறகு அண்ணன் தம்பி மூவரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். இவ்வளவு எளிய வழி ஏன் நமக்குத் தோன்றவில்லை என்ற வெட்கம்தான் காரணம்.

மறுநாள் காலையில் பக்கத்து ஊர்க்காரர்கள் பார்த்தபோது மினிபஸ் பின்பக்கமாக வந்து நின்றது. கொம்பையா தெற்கே பார்த்து உட்கார்ந்திருந்தான். பஸ் வடக்கே போக வேண்டியது. கிழக்கு வெயில் சொன்னபடி அவனுடைய இடது கன்னத்தில் விழுந்துகொண்டிருந்தது. மீதி மீசையையும் எடுத்திருந்தான். முன்னேற்றம் எப்படி என்று பார்க்க சப்பாணிமுத்துவும் வந்து ஏறினார். முப்பிடாதி தலையில் அடித்துக்கொண்டாள். சொன்ன வாய் அவளுடையது; ஏறித்தான் ஆக வேண்டும். வழக்கமான சீட்டில் உட்கார்ந்தாள்.

வேப்பங்கரிசல்வரை கொம்பையா தலைக்கு மேலிருந்த கண்ணாடியைப் பார்த்தே ஓட்டினான். அங்கே இரண்டு அண்ணன்களோடு பாதி ஊர் ஏறியது; கண்ணாடியில் தலைகள் மட்டும்தான் தெரிந்தன.

இனிப் பின்பக்கமாக ஓட்டுகிறவன் இடது தோளுக்கு மேலாகத் தலையைத் திருப்பித்தானே பார்க்க வேண்டும்? திருப்பினான். திருப்பிய இடத்தில் சாலைக்கு முன்னால் முப்பிடாதி இருந்தாள். ஒரு வருஷத்தில் முதல்முறையாக இரண்டு பேரும் நேருக்கு நேர் பார்த்துக்கொண்டார்கள். அவனுடைய இரண்டு கன்னமும் காலை வெளிச்சத்தில் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன.

“இதுக்கா அத்தனை ஆரஞ்சு?” என்றாள் அவள்.

கொம்பையாவுக்குச் சாலை என்ற ஒன்று இருப்பதே மறந்துபோனது.

பயணிகள் எல்லோரும் தெற்கே பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். வளைவுப் பலகை அவர்கள் முதுகுப் பக்கமாக வந்து, தாண்டிய பிறகுதான் கண்ணில் பட்டது. அதன் பின்பக்கத்தில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. ஒன்றும் எழுதாத பலகைக்கு என்ன செய்வது? யாரும் ஒலி எழுப்பவில்லை. பஸ்ஸும் வளையவில்லை. நேரே இறங்கி, நடவுக்கு உழுது தண்ணீர் கட்டியிருந்த வயலில் மெதுவாக, மரியாதையாகச் சாய்ந்தது.

யாருக்கும் ஒரு கீறல் இல்லை. ஒவ்வொருவராக ஜன்னல் வழியாகச் சேற்றில் இறங்கி வரப்பில் ஏறினார்கள். உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால்வரை எல்லோரும் ஒரே நிறம்.

சப்பாணிமுத்து கண்ணைத் துடைத்துக்கொண்டு மாப்பிள்ளை எங்கே என்று தேடினார். இன்னார்தான் கொம்பையா என்று கண்டுபிடித்ததும், வலப்பக்கம் போய்ப் பார்த்தார். இடப்பக்கம் வந்து பார்த்தார். சொன்ன சொல்லை மீற முடியுமா? இரண்டு பக்கமும் ஒரே மாதிரிதான் இருந்தது. மகளைப் பார்த்தார். சேற்றுக்குள்ளிருந்து பற்கள் மட்டும் தெரிந்தன, அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். வெற்றிலை பாக்கு யாரிடமாவது இருக்கிறதா என்று அவர் கூட்டத்தைக் கேட்டார். வரப்பிலேயே மாற்றிக்கொண்டார்கள்.

சந்தோஷத்தில் தம்பியைக் கட்டிப்பிடிக்க ஓடிய வெயிலுமுத்துவை பூல்பாண்டி தடுத்தார். பஸ்ஸிலிருந்து தன் பலகையைத் தேடி எடுத்து, கொம்பையாவின் கழுத்தில் மாட்டினார். ‘வர்ணம் ஈரம். தொடாதீர்கள்.’ பிறகு கொஞ்சம் தள்ளி நின்று, கண்ணைச் சுருக்கி, வரப்பு முழுக்க நின்ற கூட்டத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்வையிட்டார். முப்பது வருஷத் தொழிலில் இவ்வளவு சீரான வேலையை அவர் பார்த்ததில்லை.

“யாரும் குளிச்சிராதீங்க” என்றார். “இது முதல் கோட்டுதான். காஞ்சதும் நாளைக்கு ரெண்டாவது.”

மறுநாள் காலையில், டிராக்டர் கட்டி வயலிலிருந்து இழுத்திருந்த பஸ் வருவதற்கு வெகுநேரம் முன்பே வேப்பங்கரிசல் முழுவதும், காய்ந்த சேற்றோடு, பிள்ளைகுட்டிகளையும் கூட்டிக்கொண்டு வந்து நிறுத்தத்தில் வரிசையாக நின்றது. ரெண்டாவது கோட்டு முதலில் விழுகிற ஜன்னல் சீட்டுக்குத்தான் அடிதடி.